மியோதெனுக்கு ஏன் போனேன்

டோக்கியோவின் நிஷிகசாயிலிருந்து மியோதெனுக்கு வீடு மாற்றியபோது, தெரிந்தவர்களில் ஒருவர்கூட அதைச் சரி என்று சொல்லவில்லை. டோக்கியோ முகவரியை விட்டுவிட்டு யாராவது சிபா மாநிலத்துக்குப் போவார்களா, பயணம் பத்து நிமிடம் கூடுமே, அக்கம்பக்கத்தில் நம் ஆட்கள் இருக்க மாட்டார்களே என்றார்கள். அவர்களில் சிலர் இப்போது மியோதெனில் வாடகை என்ன என்று என்னிடம் விசாரிக்கிறார்கள். அவர்களுக்கும், ஓட்டேமாச்சி பக்கம் வேலை கிடைத்து ஊரிலிருந்து கிளம்பி வருகிறவர்களுக்கும் சேர்த்து இதை எழுதுகிறேன்.

விசா, வங்கிக் கணக்கு, வார்டு அலுவலகத்தில் முகவரிப் பதிவு எல்லாம் தானாக நடந்துவிடும், கவலை வேண்டாம். பணமும் உடம்பும் கரைவது வீடு பிடிக்கிற இடத்தில்தான். 2000-ஆம் ஆண்டுக் கணினிச் சிக்கலைத் தீர்க்க வந்த இந்தியப் பொறியாளர்கள் நிஷிகசாயில் தங்கியதால், நமக்கெல்லாம் அதுவே முதல் முகவரி என்று ஆகிவிட்டது. துவரம் பருப்பு கிடைக்கும், பக்கத்து வீட்டில் தமிழ் கேட்கும், டோசாய் லைன் மெட்ரோவில் ஏறினால் ஓட்டேமாச்சி கால் மணி நேரம். இந்த மூன்றையும் சொல்லித்தான் என்னையும் அங்கே கொண்டுபோனார்கள். சொன்னது எதுவும் பொய்யில்லை. காலை எட்டு மணிக்கு அந்த ரயிலில் ஏற முடியுமா என்பதை மட்டும் யாரும் சொல்லவில்லை.

வீட்டுத் தரகர் என்னை அழைத்துப்போனது ஞாயிற்றுக்கிழமை மதியம். வண்டியில் பாதி இருக்கைகள் காலி. நிலையத்திலிருந்து நடை ஏழு நிமிடம் என்று விளம்பரத்தில் இருந்தது. 80 மீட்டருக்கு ஒரு நிமிடம் என்று தூரத்தை வகுத்துப் போடும் கணக்கு அது. சிக்னலில் நிற்கும் நேரம் அதில் வராது. அது போகட்டும். வாரநாளில் காலையில் ஒருமுறை வந்து பாருங்கள் என்று அந்த மனிதர் ஒரு வார்த்தை சொல்லியிருந்தால், வீட்டுக்காரருக்கு அன்பளிப்பாகக் கொடுத்த ஒரு மாத வாடகை எனக்கு மிஞ்சியிருக்கும். ரெய்கின் என்கிற அந்தப் பணம் திரும்பி வராது. ஓராண்டு முடியும் முன் காலி செய்ததற்கு இன்னொரு மாத வாடகையும் அபராதமாகப் போயிற்று.

டோசாய் லைனின் சங்கடம் அதன் அமைப்பிலேயே இருக்கிறது. கிழக்கு முனையான நிஷிஃபுனாபாஷியில் மூன்று ஜேஆர் பாதைகளிலிருந்து மக்கள் மாறி ஏறுகிறார்கள். உராயாசு, கசாய் தாண்டி நிஷிகசாய்க்கு வரும்போது வண்டி நிரம்பி வழியும். பத்துப் பெட்டி வண்டி, உச்ச நேரத்தில் மணிக்கு 27. அதற்கு மேல் நெருக்கி விட இடமில்லை. ஜப்பானியப் போக்குவரத்து அமைச்சகம் நெரிசலைச் சதவீதத்தில் அளக்கிறது. 100 என்றால் எல்லோருக்கும் ஒரு இருக்கையோ, கைப்பிடியோ, கதவோரக் கம்பியோ உண்டு. 200 என்றால் உடம்போடு உடம்பு அழுந்தும். 2019 நிதியாண்டில் கிபாவுக்கும் மொன்சென்நகாச்சோவுக்கும் இடையில் எடுத்த கணக்கு 199, நாட்டிலேயே அதிகம். நான் நிஷிகசாயில் இருந்தது அந்தக் காலத்தில். கொரோனாவில் அது 123-க்கு இறங்கியது, 2023-இல் மறுபடி 148. இப்போது பரவாயில்லையே என்று சொல்கிறவர்கள், அது ஒரு மணி நேரத்தின் சராசரி என்பதை மறந்துவிடுகிறார்கள். எட்டு மணிக்குப் படிக்கட்டுக்கு எதிரே வந்து நிற்கும் பெட்டியில் சராசரியைப் பார்க்க முடியாது.

கதவருகே நிற்பவர்கள் ஒவ்வொரு நிலையத்திலும் நடைமேடையில் இறங்கி, கதவின் இருபுறமும் ஒதுங்கி வழிவிட வேண்டும். உள்ளேயிருந்து இறங்க வேண்டியவர்கள் இறங்கியதும் இவர்கள் முதலில் ஏறுவார்கள், பிறகுதான் புதியவர்கள். யாரும் வாய் திறந்து சொல்ல மாட்டார்கள். புதிதாக வந்த நம் ஆள், இறங்கினால் இடம் போய்விடும் என்று கம்பியைப் பிடித்துக்கொண்டு அங்கேயே நிற்பார். பின்னாலிருந்து வருகிற அழுத்தத்தில் சட்டைப் பொத்தான் தெறிக்கும். தயங்காமல் இறங்குங்கள், உங்கள் இடத்தை யாரும் எடுக்க மாட்டார்கள். முதுகுப்பையை மார்புப் பக்கம் மாட்டிக்கொள்ளுங்கள். ஒரு பையின் வார் கதவில் சிக்கினால் போதும், பின்னால் இரண்டு நிமிட இடைவெளியில் வருகிற வண்டிகள் எல்லாம் வரிசையாகத் தாமதமாகும். கதவை 1.8 மீட்டர் அகலமாக வைத்த 15000 வரிசைப் பெட்டிகளை 2010-இல் இந்தப் பாதைக்கென்றே கொண்டுவந்ததும் ஏறி இறங்குவதில் வரும் தாமதத்தைக் குறைக்கத்தான்.

தாமதமானால் நிலையத்தில் தாமதச் சான்று தருவார்கள். அதை நம்பி இருக்காதீர்கள். என் மேலாளர் அந்தச் சீட்டை வாங்கி மேசையில் வைத்துவிட்டு, "டோசாய் லைன் தாமதமாகும் என்பது எல்லோருக்கும் தெரிந்ததுதானே, முன்கூட்டியே கிளம்பலாமே" என்றார். ரயிலின் தாமதத்துக்குப் பயணி ஏன் தூக்கத்தைக் கொடுக்க வேண்டும் என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. காற்றடிக்கும் நாட்களில் அரகாவா ஆற்றுப் பாலத்தில் வண்டி ஊரும், சில நாள் நின்றே விடும். 1978-இல் அந்தப் பாலத்தில் சுழற்காற்று ஒரு வண்டியைக் கவிழ்த்திருக்கிறது, ஆகவே அந்த எச்சரிக்கையை நான் குறை சொல்ல மாட்டேன்.

வடக்கே ஃபுனாபோரிக்குப் போய் தோயெய் ஷின்ஜுகு லைனைப் பிடி, தெற்கே கெய்யோ லைனைப் பிடி என்று யோசனைகள் வந்தன. இரண்டுக்கும் முதலில் பஸ் பிடிக்க வேண்டும். கெய்யோ லைனின் டோக்கியோ நிலைய நடைமேடை பூமிக்கடியில், மற்றப் பாதைகளை விட்டு வெகுதூரம் தள்ளி இருக்கிறது. மிச்சம் பிடித்த நேரம் அந்த நடையிலேயே தீர்ந்துவிடும்.

கடைசியில் விடை அதே பாதையில்தான் இருந்தது. மியோதென் அருகில் டோசாய் லைனின் பணிமனை இருக்கிறது. அதனால் காலையில் சில வண்டிகள் அங்கிருந்தே காலியாகப் புறப்படுகின்றன. கால அட்டவணையில் அவற்றுக்குத் தனிக் குறி உண்டு. வீடு பார்க்கும் முன் அந்தக் குறியைப் பாருங்கள். உட்கார வேண்டும் என்கிறவர்கள், நிஷிஃபுனாபாஷியிலிருந்து வரும் வண்டிக்கு ஏறுகிறவர்களுக்கு வழிவிட்டு ஒதுங்கித் தனி வரிசையில் நிற்பார்கள். வண்டி போனதும் அந்த வரிசை அப்படியே நகர்ந்து கோட்டுக்கு வந்துவிடும், முன்பின் மாறாது. காலி வண்டி வந்து கதவு திறந்ததும் எல்லோருக்கும் எந்த இருக்கை என்று தெரிந்திருக்கும். பத்து நிமிடம் கூடுதல் பயணம் என்றார்களே, அது உட்கார்ந்து தூங்குகிற பத்து நிமிடம். ஓட்டேமாச்சியில் நசுங்காத சட்டையோடு இறங்குகிறேன்.

மாற முடிவு செய்தால் இரண்டு விஷயம். யூஆர் என்கிற அரசு சார்ந்த அமைப்பின் வாடகைக் குடியிருப்புகளில் ரெய்கினும் கிடையாது, பிணையாளும் கேட்பதில்லை, முதலில் அங்கே பாருங்கள். ஆறு மாத ரயில் பாஸைப் பாதியில் ஒப்படைத்துப் பணம் கேட்டால், புது மாதத்தில் ஒரு நாள் நுழைந்திருந்தாலும் முழு மாதமாகக் கழித்துவிட்டு, 220 யென் கட்டணமும் பிடிப்பார்கள், தேதியைக் கணக்குப் பண்ணிக்கொள்ளுங்கள்.

நம் ஆட்களும் பருப்பும் தூரமாகிவிடும் என்றவர்களுக்கும் பதில் உண்டு. மியோதென்–ஓட்டேமாச்சி பாஸ் இருந்தால் நடுவில் எந்த நிலையத்திலும் எத்தனை முறையும் இறங்கலாம். பாஸ் செலவு அலுவலகத்துடையது. சனிக்கிழமை நிஷிகசாயில் இறங்கி மாதச் சாமானை வாங்கி வருகிறேன், ஒரு யென் கூடுதலாகப் போவதில்லை. பகலில் ஓடும் ரேப்பிட் வண்டியில் மட்டும் ஏறிவிடாதீர்கள். அது தோயோச்சோவை விட்டால் உராயாசு, அதை விட்டால் நிஷிஃபுனாபாஷிதான். நிஷிகசாயிலும் நிற்காது, மியோதெனிலும் நிற்காது.