வீட்டில் ஒருவருக்கு டி.பி.யா? மற்றவர்களுக்கு என்ன டெஸ்ட், எப்போது?

"தாத்தாவுக்கு டி.பி.ன்னு சொல்லிட்டாங்க, டாக்டர். பேரன் எந்நேரமும் அவர் மடியிலதான் கிடப்பான். எங்களுக்கெல்லாம் ஒட்டியிருக்குமா? ஒரு பிளட் டெஸ்ட் எடுத்துப் பார்த்துடட்டுமா?"

இப்படிப் பதறிக்கொண்டு வருகிறவர்கள் உண்டு. சித்த மருத்துவரிடம் போனால் எக்ஸ்ரே, ஊசி எதுவும் இல்லாமல் ஒரு லேகியத்தோடு முடித்துவிடுவார் என்ற நினைப்பும் உள்ளூர இருக்கும். விஷயம் அக்கம்பக்கத்துக்குத் தெரிந்துவிடக் கூடாதே, கல்யாணத்துக்குப் பெண் இருக்கிறாளே என்ற கவலை அதைவிடப் பெரிது. "நல்லாச் சாப்பிடற குடும்பத்துல இது எப்படி வந்துச்சு?" என்றும் கேட்பார்கள். காற்றில் வரும் கிருமிக்கு மாடி வீடு, குடிசை வீடு என்ற பேதம் தெரியாது!

தொற்று வேறு, நோய் வேறு

நுரையீரல் டி.பி. உள்ளவர் இருமும்போதும் தும்மும்போதும் கிருமிகள் காற்றில் கலக்கின்றன. காற்றோட்டமில்லாத அறையில் பல மணி நேரம் உடனிருப்பவருக்கு அவை ஒட்டலாம். தட்டு, டம்ளர், துணிமணி வழியாக ஒட்டுவதில்லை. கழுத்துக் கட்டி, எலும்பு இவற்றில் மட்டும் டி.பி. இருந்தால் அது பொதுவாக மற்றவர்களுக்குப் பரவாது.

கிருமி உள்ளே போனவர்கள் எல்லோரும் நோயாளிகள் அல்ல. உடம்பு அதைக் கட்டிப்போட்டு வைக்கும். அவருக்கு இருமலும் இராது, அவரிடமிருந்து யாருக்கும் பரவாது. இதைத்தான் 'உறங்கும் தொற்று' என்கிறோம். இப்படித் தொற்றியவர்களில் 100-க்கு 5 முதல் 10 பேருக்கு வாழ்நாளில் என்றாவது நோயாக மாறலாம். அதுவும் பெரும்பாலும் முதல் 2 ஆண்டுகளுக்குள். குழந்தைகள், சர்க்கரை நோயாளிகள், எச்.ஐ.வி. உள்ளவர்கள், ஸ்டீராய்டு மருந்து சாப்பிடுகிறவர்கள், டயாலிசிஸ் செய்துகொள்கிறவர்கள் ஆகியோருக்கு ஆபத்து அதிகம்.

தாத்தாவை ஒதுக்க வேண்டாம்

வீட்டில் முதலில் நடப்பது என்ன? தாத்தாவுக்குத் தனித் தட்டு, தனி அறை! பாவம், நோயைவிட அந்த ஒதுக்கல்தான் அவரை அதிகம் வாட்டும்.

1956-ல் சென்னையில் ஓர் ஆராய்ச்சி தொடங்கினார்கள். டி.பி. நோயாளிகளில் ஒரு பகுதியினரை சானடோரியத்தில் சேர்த்தார்கள். மற்றவர்களை அவரவர் வீட்டிலேயே வைத்து, அதே மருந்தைக் கொடுத்தார்கள். வீட்டில் இருந்தவர்களுக்கும் மருந்து நன்றாகவே வேலை செய்தது. அவர்களுடைய குடும்பத்தாருக்கும், சானடோரியத்தில் சேர்ந்தவர்களின் குடும்பத்தாரைவிட நோய் அதிகமாக வந்துவிடவில்லை. உலகத்தின் பார்வையையே மாற்றிய ஆராய்ச்சி இது. அதை நடத்திய மையம்தான் சேத்துப்பட்டில் இன்று தேசிய காசநோய் ஆராய்ச்சி நிறுவனமாக இருக்கிறது.

இதிலிருந்து என்ன தெரிகிறது? தொற்று பெரும்பாலும், நோயைக் கண்டுபிடித்து மருந்து தொடங்குவதற்கு முன்பே நடந்துவிடுகிறது. 'வெறும் சளி' என்று தாத்தா இருமிக்கொண்டிருந்தாரே, அந்த மாதங்களில்! ஆகவே இப்போது அவரை விரட்டிப் பயனில்லை. உடனிருந்தவர்களைச் சோதிப்பதுதான் பயன்.

என்னென்ன பரிசோதனை?

இரண்டு வார இருமல், மாலையில் காய்ச்சல், இரவில் வியர்வை, எடை குறைதல், பசியின்மை, சளியில் ரத்தம். இவற்றில் ஒன்று இருந்தாலும் நாள் பார்க்காமல் சளிப் பரிசோதனையும் எக்ஸ்ரேயும் செய்ய வேண்டும். காலையில் எழுந்ததும் வாயை வெறும் தண்ணீரில் கொப்பளித்து, மூச்சை ஆழ இழுத்து, நெஞ்சிலிருந்து காறி எடுத்த சளியாக இருக்க வேண்டும். எச்சிலைக் கொடுத்தால் ரிசல்ட் சரியாக வராது. மொட்டை மாடி போன்ற திறந்த இடத்தில் எடுப்பது நல்லது. சிபிநாட், ட்ரூநாட் என்ற கருவிகள் கிருமியை மட்டுமல்ல, ரிஃபாம்பிசின் என்ற முக்கிய மருந்துக்கு அது கட்டுப்படுமா என்பதையும் சில மணி நேரத்தில் சொல்லிவிடும்.

அறிகுறி எதுவும் இல்லாதவருக்கு, உறங்கும் தொற்று இருக்கிறதா என்று பார்க்க மான்டூ டெஸ்ட் உண்டு. முன்கையில் தோலுக்குள் ஓர் ஊசி. 48 முதல் 72 மணி நேரத்துக்குள் திரும்பிப் போய்க் காட்ட வேண்டும். "செவந்திருக்கு, அப்ப பாசிட்டிவ்தானே?" என்பார்கள். சிவப்பு கணக்கில்லை. தடிப்பைத்தான் அளப்பார்கள். பொதுவாக 10 மில்லிமீட்டரும் அதற்கு மேலும் இருந்தால் பாசிட்டிவ். எச்.ஐ.வி. உள்ளவருக்கு 5 போதும். பி.சி.ஜி. போட்டுக்கொண்டவர்களுக்கும் சில சமயம் தடிப்பு வரலாம். அந்தக் குழப்பம் இல்லாத 'இக்ரா' என்ற ரத்தப் பரிசோதனையும் இருக்கிறது.

இந்த இரண்டும் 'கிருமி உள்ளே போயிருக்கிறது' என்று மட்டுமே சொல்லும். 'நோய் இருக்கிறது' என்று சொல்லாது. ரத்தத்தில் ஐ.ஜி.ஜி., ஐ.ஜி.எம். பார்த்து டி.பி. என்று முடிவு கட்டும் பழைய டெஸ்டுகளை மத்திய அரசு 2012-லேயே தடை செய்துவிட்டது. யாராவது எழுதிக் கொடுத்தால் எடுக்காதீர்கள்.

நெகட்டிவ் வந்தால் நிம்மதியா?

அவசரப்படாதீர்கள்! கிருமி உள்ளே போன பிறகு, டெஸ்டில் தெரியும் அளவுக்கு உடம்பு அதை அடையாளம் கண்டுகொள்ள 8 முதல் 10 வாரம் வரை ஆகலாம். போன வாரம் ஒரு நோயாளியோடு இருந்துவிட்டு இன்று மான்டூ போட்டு 'நெகட்டிவ்' என்று சந்தோஷப்படுவதில் அர்த்தமில்லை. வீட்டில் பல மாதம் உடனிருந்தவர்கள் இப்போதே ஒரு முறை பார்க்க வேண்டும். நெகட்டிவ் என்றால், 8 முதல் 10 வாரம் கழித்து மறுபடி பார்க்க வேண்டுமா என்று டாக்டரிடம் கேளுங்கள். அதன் பிறகும் 2 ஆண்டுகள் வரை எடை, இருமல் இவற்றில் ஒரு கண் இருக்கட்டும்.

ஐந்து வயதுக்கு உட்பட்ட குழந்தை இருந்தால் தாமதமே கூடாது. இந்த வயதில் தொற்று சீக்கிரம் நோயாகிவிடும். மூளைக்காய்ச்சலாகவும் மாறும். பி.சி.ஜி. அந்த ஆபத்தைக் குறைக்குமே தவிர முழுக்கத் தடுத்துவிடாது. குழந்தைக்குச் சளி வராது, இருமலும் இராமல் போகலாம். எடை ஏறாமை, விளையாடாமல் சோர்ந்து கிடத்தல், விடாத காய்ச்சல், கழுத்தில் கட்டி இவைதான் அடையாளம். நோய் இல்லை என்று உறுதியானதும், மான்டூ நெகட்டிவ்வாக இருந்தாலும்கூட, தடுப்பு மருந்து தொடங்கிவிடுவார்கள்.

"நோயே இல்லாதப்ப எதுக்கு மாத்திரை?"

உறங்குகிற கிருமியை விழிக்கும் முன்பே அழிப்பதற்குத்தான். ஐசோனியசிட் தினமும் 6 மாதம் என்பது ஒரு முறை. ஐசோனியசிட், ரிஃபாபென்டின் இரண்டையும் சேர்த்து வாரம் ஒரு வேளை, 12 வாரம் என்பது இன்னொரு முறை. 2021 முதல் இந்திய அரசின் வழிகாட்டுதல், நுரையீரல் டி.பி. நோயாளியின் வீட்டில் உள்ள பெரியவர்களையும் இந்தத் தடுப்பு சிகிச்சையில் சேர்த்திருக்கிறது. யாருக்கு எது என்பதை டாக்டர் முடிவு செய்வார். தாத்தாவுடைய சளி ரிப்போர்ட்டைக் கையோடு கொண்டு போங்கள். அவருடைய கிருமி மருந்துக்குக் கட்டுப்படாத வகை என்றால் தடுப்பு மருந்தும் மாறும்.

கஷாயம் போதாதா?

ஆடாதோடையும் தூதுவளையும் எங்கள் மருத்துவத்தின் செல்வங்கள். ஆடாதோடையில் உள்ள வாசிசின் என்ற பொருளை அடிப்படையாக வைத்துத்தான் ப்ரோம்ஹெக்ஸின் என்ற ஆங்கில இருமல் மருந்தே உருவானது. ஆனால் கோழையை இளக்குவது வேறு, டி.பி. கிருமியைக் கொல்வது வேறு. கஷாயம் குடித்து இருமல் கொஞ்சம் தணிந்ததும், 'சரியாயிடுச்சு' என்று பரிசோதனையைத் தள்ளிப்போடுவதுதான் ஆபத்து. டி.பி. மாத்திரைகளோடு கல்லீரலைப் பாதிக்கக்கூடிய எந்த மருந்தையும், எங்கள் மருந்தானாலும், டாக்டரிடம் சொல்லாமல் சேர்க்காதீர்கள். நல்ல சாப்பாடு தாராளமாகக் கொடுங்கள். முட்டை, பயறு, பால், கீரை எதற்கும் பத்தியம் வேண்டாம்.

வீட்டாருக்கு ஐந்து வார்த்தை

1. தாத்தாவோடு ஒரே வீட்டில் இருந்த அத்தனை பேரையும், குழந்தை முதல் பாட்டி வரை, ஒரே நாளில் அழைத்துப் போங்கள்.

2. அரசு மருத்துவமனைகளில் சளிப் பரிசோதனையும் டி.பி. மருந்தும் இலவசம்.

3. ஜன்னலைத் திறந்து வையுங்கள். ஏ.சி. அறையில் எல்லோரும் சேர்ந்து படுப்பதைக் கொஞ்ச நாள் நிறுத்துங்கள்.

4. தாத்தா இருமும்போது வாயைத் துணியால் மூடிக்கொள்ளட்டும். மருந்தைச் சரியாகச் சாப்பிட்டால், சில வாரங்களில் பரவும் தன்மை வெகுவாகக் குறைந்துவிடும். ஆனால் மருந்தை 6 மாதமும் விடாமல் முடிக்க வேண்டும்.

5. கல்யாணத்துக்கு நிற்கும் பெண்ணையும் மறைக்காமல் சோதியுங்கள். கண்டுபிடித்தால் குணமாகும் நோய் இது. மறைத்து வைத்தால்தான் அவள் வாழ்க்கைக்கு இடைஞ்சல்!