இஸ்பேட் ராணியும் மார்த்தாண்ட வர்மாவும்

கேள்வி: புஷ்கின், டால்ஸ்டாய் கதைகளை ரஷ்யர்கள் மௌனப் படங்களாக எடுத்தார்களாமே, நம் பக்கம் அப்படி உண்டா? (வாசகர், சிதம்பரம்)

பதில்: உண்டு. ரஷ்யாவில் இயக்குநர் புரோட்டசானவ் 1916இல் புஷ்கினின் 'இஸ்பேட் ராணி'யை எடுத்தார். இங்கே நாகர்கோவில் தயாரிப்பாளர் ஆர். சுந்தர்ராஜ், சி.வி. ராமன் பிள்ளையின் 1891ஆம் ஆண்டு நாவலான 'மார்த்தாண்ட வர்மா'வைக் கையிலெடுத்தார். பி.வி. ராவ் இயக்கிய படம் 1933இல் திருவனந்தபுரத்தில் வெளியானது. நாவலின் உரிமையோ பதிப்பாளரிடம்! வழக்கு வந்தது, படப்பெட்டி பறிமுதலாகிப் பதிப்பாளரிடம் போனது. தயாரிப்பாளருக்கு அது பேரிடி. ஆனால் பதிப்பகத்தில் முடங்கிக் கிடந்ததால்தான் படம் அழியாமல் தப்பியது. 1974இல் புனே திரைப்பட ஆவணக் காப்பகம் மீட்டது.

உங்கள் தில்லைக்கே உரிய நந்தனார் கதை, கே.பி. சுந்தராம்பாள் நந்தனாராகவே நடித்து 1935இல் பேசும் படமாக வந்தது. அதற்கு அந்த யோகமில்லை, பிரதி கிடைக்கவில்லை.

இப்படித் தொலைந்த படங்களுக்குப் பாட்டுப் புத்தகமே எஞ்சிய சாட்சியாக இருக்கலாம். கடலூர், சிதம்பரம் வீட்டுப் பரண்களில் பழைய சினிமாப் பாட்டுப் புத்தகம் இருந்தால், தயவுசெய்து எடைக்குப் போட்டுவிடாதீர்கள்.