ஆடை அமைப்பாளரும் நெசவாளரும்

சினிமாவில் நடிகர் வாய் திறப்பதற்கு முன்பே அவர் உடுத்திய துணி பேசத் தொடங்கிவிடுகிறது. அவர் எந்நாட்டினர், எத்தொழிலினர், செல்வரா வறியரா என்பதை அதுவே அறிவித்துவிடும். இவ்வாறு துணியைப் பேசவைப்பவர் ஆடை அமைப்பாளர். அவருக்குத் தேவையான சரக்கு நம் தறியில் விளைவதாகலின், அவரது வேலை முறையை நம் அங்கத்தினர்கள் அறிந்திருத்தல் நலம்.

1982-இல் வெளிவந்த 'காந்தி' திரைப்படத்தை உதாரணமாகக் கொள்வோம். கோலாப்பூரில் பிறந்து, பம்பாயில் ஓவியம் பயின்ற பானு அத்தையா அவர்கள், ஆங்கிலேயரான ஜான் மோலோவுடன் அப்படத்திற்கு ஆடை அமைத்தார். அதற்காக இருவரும் 1983-இல் ஆஸ்கார் பரிசு பெற்றனர். இந்தியர் ஒருவர் அப்பரிசை அடைந்தது அதுவே முதன்முறை.

அப்பணி எளிதன்று. கதை 1893 முதல் 1948 வரை செல்கிறது. தென்னாப்பிரிக்காவில் பாரிஸ்டர் உடையணிந்த காந்தியடிகள், 1915-இல் கத்தியவார் உடையில் தாயகம் திரும்பினார். 1921 செப்டம்பர் 22-இல் மதுரையில் அரையாடை பூண்டார். துணி குறையக் குறைய மனிதர் உயர்ந்த வரலாறு அது. அதனை அமைப்பவர் கதரின் தன்மையையும் காலத்தின் வழக்கத்தையும் ஐயமறக் கற்றாக வேண்டும்.

ஆடை அமைப்பாளர் முதலில் கதையைப் படித்து, காட்சிதோறும் யார் எதை உடுத்துவர் என்று பட்டியல் எழுதுவார். காட்சிகள் கதையின் வரிசைப்படி படமாக்கப்படுவதில்லை. ஆகவே இன்று அணிந்த சேலை, ஒரு மாதம் சென்ற பின்னும் அதே தோற்றத்தில் இருத்தல் வேண்டும். மழைக் காட்சிக்கும் சண்டைக் காட்சிக்கும் ஒரேவிதமான ஆடைகள் பல தேவைப்படும். ஏழை உழவனுக்குப் புதுவேட்டி பொருந்தாது. எனவே துணியைப் பன்முறை வெளுத்தும், தேயிலை நீரில் தோய்த்தும், தேய்த்தும் பழையதாக்குவர். நெருக்கமான நுண்கோடுகள் டெலிவிஷனில் அலைபோல் நெளிந்து தோன்றுவதுண்டு. அதனால் மாதிரித் துணியைக் காமிராவின் முன் வைத்துச் சோதிப்பர்.

நாம் தணிக்கை செய்த சங்கம் ஒன்றில் நிகழ்ந்ததைக் கூறுவோம். படப்பிடிப்பிற்கென ஒரே நிறத்தில் கேட்கப்பட்ட சேலைகளில் ஒரு பகுதிக்கு மட்டும் நூல் வேறொரு நாளில் சாயமேற்றப்பட்டது. கண்ணுக்குச் சிறிதாகத் தோன்றிய வேற்றுமை காமிராவுக்குப் பெரிதாயிற்று. சேலைகள் திரும்பி வந்தன. கூலி கொடுத்தாயிற்று, சரக்கோ இருப்பில் கிடந்தது. நஷ்டம் அங்கத்தினர் அனைவரையும் சார்ந்தது. நெய்தவர்மீது குற்றமில்லை, நிபந்தனையை எழுதி வாங்காததே குற்றம்.

ஆதலின் இத்தகைய ஆர்டரை ஏற்குமுன் மூன்று காரியங்கள் செய்க:

1. நூல் நம்பர், அகலம், நிறம், எண்ணிக்கை, கெடு ஆகியவற்றை எழுத்தில் பெறுக.

2. மாதிரித் துண்டில் இரு தரப்பாரும் கையொப்பமிட்டு, ஆளுக்கொரு பாதி வைத்துக்கொள்க.

3. முழு ஆர்டருக்கும் வேண்டிய நூலை ஒரே தடவையில் சாயமேற்றுக, முன்பணமும் பெறுக.

சிந்திக்க வினாக்கள்:

ஒரே சேலையைப் பல எண்ணிக்கையில் கேட்பது ஏன்?

நம் சங்கத்தில் சாயமேற்றிய தேதியைப் பதிவு செய்யும் ஏடு உண்டா? இல்லையெனில், அதனைத் தொடங்கும் பொறுப்பை யாரிடம் ஒப்படைக்கலாம்?