ஒரே ஓவனில் இரு பண்புகள்: ஆப்பிள் கிரிஸ்ப் காட்டும் வேதியியல்

இரண்டாம் ஆண்டு, பி.எஸ்ஸி. (வேதியியல்)

வேதியியல் என்றவுடன் நம்மில் பலருக்கு நினைவுக்கு வருபவை சோதனைக் குழாயும், பியூரெட்டும், ஹைட்ரஜன் சல்ஃபைடின் அழுகிய முட்டை நாற்றமும்தான். ஆனால் ஆய்வகம் என்ற ஒன்று தோன்றுவதற்குப் பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே மனிதன் நாள்தோறும் வேதிவினைகளை நிகழ்த்தி வந்த இடம் அடுக்களையாகும். சமையல் நூல்கள் "இவ்வளவு நேரம் வேக வைக்கவும்", "நன்கு ஆற விடவும்" என்று கட்டளையிடும். ஏன் என்று கூறுவதில்லை. அந்த "ஏன்" என்ற வினாவிற்குரிய விடைகள் நம் பாடநூல்களில் பல்வேறு பக்கங்களில் சிதறிக் கிடக்கின்றன. அவற்றை ஓர் இடத்தில் திரட்டிக் காண, "ஆப்பிள் கிரிஸ்ப்" என்னும் அமெரிக்க இனிப்பு மிகவும் ஏற்றது.

ஆப்பிள் துண்டுகளைப் பாத்திரத்தில் பரப்பி, அதன்மேல் வெண்ணெய், மாவு, ஓட்ஸ், சர்க்கரை கலந்த உதிரியைத் தூவி, ஓவனில் வேக வைப்பதே இவ்வினிப்பு. வெந்தபின் கீழே பழம் குழைந்து சாற்றுடன் இருக்கும்; மேலே உதிரி பொன்னிறமாகி மொறுமொறுவென்று இருக்கும். பாத்திரம் ஒன்று, ஓவன் ஒன்று, வைத்த நேரமும் ஒன்று. அவ்வாறிருக்க, ஒரு பகுதி குழைவதும் மறுபகுதி மொறுமொறுப்பதும் எவ்வாறு? இவ்வினாவிற்கு விடை காண்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

தோற்றம்

ஆப்பிளின் தாயகம் மத்திய ஆசியாவின் தியென் ஷான் மலைத்தொடர். புகழ்பெற்ற ரஷ்யத் தாவரவியல் அறிஞர் நிக்கோலாய் வாவிலோவ் 1929-ஆம் ஆண்டு இன்றைய கஜகஸ்தானில் உள்ள அல்மாட்டி நகரை அடைந்தபோது, அந்நகரைச் சூழ்ந்த மலைச்சரிவுகளில் காட்டு ஆப்பிள் மரங்கள் செறிந்து வளர்ந்திருப்பதைக் கண்டு, அப்பகுதியே இப்பழத்தின் பிறப்பிடம் என்று கருதினார். அங்கிருந்து ஐரோப்பாவிற்கும், குடியேறியவர்களுடன் அமெரிக்காவிற்கும் ஆப்பிள் பரவியது.

ஆப்பிள் கிரிஸ்ப் என்ற பெயர் 1924-ஆம் ஆண்டு அமெரிக்காவில் வெளிவந்த சமையல் நூலிலேயே காணப்படுகிறது. இதன் உறவினமான "கிரம்பிள்" பிரிட்டனில் இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் பெரிதும் பரவியது. 1940-ஆம் ஆண்டு சனவரி முதல் அங்கு வெண்ணெயும் சர்க்கரையும் பங்கீட்டு முறைக்குள் வந்தன. பழத்தை முழுவதும் மாவுறையால் மூடும் "பை" செய்யக் கொழுப்பும் மாவும் மிகுதியாகத் தேவை. உதிரி தூவுவதற்குக் குறைவாகவே போதும். ஆகவே பற்றாக்குறைக் காலத்தில் வளர்ந்த பண்டம் இது. பொதுவாக ஓட்ஸ் சேர்ந்தது கிரிஸ்ப் என்றும், மாவு மட்டும் கொண்டது கிரம்பிள் என்றும் வேறுபடுத்துவர்.

தேவையான பொருட்கள்

பழப் பகுதிக்கு: ஆப்பிள் 1 கிலோ, சர்க்கரை 50 கிராம், எலுமிச்சைச் சாறு 1 மேசைக்கரண்டி, சோளமாவு 1 மேசைக்கரண்டி, பட்டைத்தூள் 1 தேக்கரண்டி.

மேல் உதிரிக்கு: மைதா 100 கிராம், ஓட்ஸ் 80 கிராம், பழுப்புச் சர்க்கரை அல்லது நாட்டுச் சர்க்கரை 100 கிராம், குளிர்ந்த வெண்ணெய் 100 கிராம், உப்பு ஒரு சிட்டிகை.

பழப் பகுதி

ஆப்பிளைத் தோல் சீவி, விதைப் பகுதியை நீக்கி, அரை விரல் கனத்தில் நறுக்க வேண்டும். நறுக்கிய சிறிது நேரத்தில் துண்டுகள் பழுப்பாவதை நாம் அறிவோம். பழத்தில் உள்ள பீனால் சேர்மங்கள் காற்றிலுள்ள ஆக்சிஜனுடன் வினைபுரிவதே இதற்குக் காரணம். பாலிபீனால் ஆக்சிடேஸ் என்னும் நொதி இவ்வினையை விரைவுபடுத்துகிறது. எலுமிச்சைச் சாற்றின் அமிலத் தன்மை அந்நொதியின் செயலைத் தடுக்கிறது. அதிலுள்ள வைட்டமின் சி ஆக்சிஜன் ஏற்றத்தை எதிர்க்கிறது. ஆகவே நறுக்கியவுடன் சாற்றைக் கலக்க வேண்டும்.

எலுமிச்சைக்கு மற்றொரு பணியும் உண்டு. ஆப்பிளின் புளிப்பிற்குக் காரணம் மாலிக் அமிலம். சுவீடன் நாட்டு வேதியியலர் ஷீலே இதனை 1785-இல் ஆப்பிள் சாற்றிலிருந்தே பிரித்தெடுத்தார். மேலை நாடுகளில் இவ்வினிப்பிற்குப் புளிப்பு மிக்க "கிரானி ஸ்மித்" வகையைப் பெரிதும் விரும்புவர். வெந்தாலும் துண்டு துண்டாக நிற்கும் இயல்பும் அதற்கு உண்டு. இமாசலப் பிரதேசத்திலிருந்தும் காசுமீரத்திலிருந்தும் நம் கடைகளுக்கு வருபவை பெரும்பாலும் இனிப்பு மிகுந்து புளிப்புக் குறைந்த டெலிஷியஸ் வகைகள். அவற்றைப் பயன்படுத்துவோர் எலுமிச்சைச் சாற்றை இருமடங்காக்கிக் கொள்ளலாம்.

சர்க்கரை சேர்த்துச் சற்று நேரம் வைத்தால், பாத்திரத்தின் அடியில் சாறு ஊறுகிறது. இது நாம் படித்த சவ்வூடு பரவல். செல்லுக்கு வெளியே சர்க்கரைச் செறிவு மிகும்போது உள்ளிருக்கும் நீர் வெளியேறுகிறது. இந்தச் சாற்றைக் கெட்டிப்படுத்துவதற்காகவே சோளமாவு. அதன் ஸ்டார்ச்சு மணிகள் 62 முதல் 72 டிகிரி செல்சியஸ் அளவில் நீரை உறிஞ்சி உப்பிக் கூழாகின்றன.

பழம் மென்மையாவதற்குக் காரணம் பெக்டின். 1825-இல் பிரெஞ்சு அறிஞர் பிராக்கோனோ பெயரிட்ட இப்பொருள், செல்லையும் செல்லையும் ஒட்டி நிற்கும் சாந்து போன்றது. சூட்டில் அச்சாந்து கரையும்போது செல்கள் பிரிந்து பழம் குழைகிறது. மேலும் ஆப்பிளின் பருமனில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு காற்று. அதனால்தான் அது நீரில் மிதக்கிறது. வேகும்போது இக்காற்று வெளியேறிப் பழம் அமிழ்ந்துவிடும். எனவே பாத்திரத்தில் துண்டுகளைச் சற்றுக் குவித்தே வைக்க வேண்டும்.

மேல் உதிரி

வெண்ணெய் குளிர்ந்திருப்பது இன்றியமையாதது. பால் கொழுப்பு 32 முதல் 35 டிகிரியில் உருகிவிடும். நம் ஊர் வெயிலில் மேசைமேல் வைத்தாலே போதும். குளிர்ந்த வெண்ணெயைச் சிறு துண்டுகளாக்கி, மைதாவுடன் விரல் நுனிகளால் பிசிறினால், மாவுத் துகள்களைக் கொழுப்பு போர்த்துகிறது. மைதாவிலுள்ள புரதங்கள் நீருடன் சேர்ந்தால்தான் குளூட்டன் என்னும் மீள்தன்மை கொண்ட வலை உருவாகும். புரோட்டா மாவு இழுபடுவது அதனால்தான். கொழுப்பு போர்த்திய மாவில் நீர் புக முடியாததால் வலை உருவாவதில்லை. உதிரி உதிரியாகவே நிற்கிறது. பின்பு ஓட்ஸ், சர்க்கரை, உப்பு ஆகியவற்றைச் சேர்த்துப் பழத்தின்மேல் தூவ வேண்டும். அழுத்தக் கூடாது. கீழிருந்து எழும் நீராவி வெளியேற இடைவெளிகள் வேண்டும்.

வெப்பக் கணக்கு

ஆங்கில நூல்கள் 375 டிகிரி ஃபாரன்ஹீட் என்று குறிப்பிடும். 32-ஐக் கழித்து 5-ஆல் பெருக்கி 9-ஆல் வகுத்தால் ஏறத்தாழ 190 டிகிரி செல்சியஸ். முன்கூட்டியே சூடாக்கிய ஓவனில் 40 முதல் 45 நிமிடம் வைக்க வேண்டும்.

ஓவனின் வெப்பநிலை 190 டிகிரி. ஆனால் பழத்தின் வெப்பநிலை 190 ஆவதில்லை. நறுக்கிய துண்டுகள் 800 கிராம் என்று கொள்வோம். ஆப்பிளில் 85 விழுக்காடு நீர்; ஆகவே இதில் 680 கிராம் நீர் உள்ளது. இதனை 30 டிகிரியிலிருந்து 100 டிகிரிக்கு உயர்த்தத் தேவையான வெப்பம் 680 × 4.2 × 70, அதாவது ஏறத்தாழ 200 கிலோ ஜூல். ஆனால் ஒரு கிராம் நீரை ஆவியாக்க 2,260 ஜூல் தேவை. எனவே 100 கிராம் நீர் ஆவியாவதற்கு மட்டும் 226 கிலோ ஜூல் செலவாகும். நீர் முழுவதையும் கொதிநிலைக்குக் கொண்டுவரும் வெப்பத்தைவிட, அதில் ஏழில் ஒரு பங்கை ஆவியாக்கும் வெப்பம் மிகுதி! இந்த உள்ளுறை வெப்பமே பழத்தின் காவலன். நீர் இருக்கும்வரை பழத்தின் வெப்பநிலை 100 டிகிரியை ஒட்டியே நிற்கும். அது குழையுமேயன்றிக் கருகாது.

மேல் உதிரியின் நிலை வேறு. அதில் உள்ள நீர் மிகக் குறைவு. வெண்ணெயில் உள்ள ஏறத்தாழ 16 விழுக்காடு நீரே அதில் பெரும்பகுதி. அது விரைவில் ஆவியாகிவிடும். காவலன் நீங்கியபின் வெப்பநிலை 140 டிகிரியைக் கடந்து ஏறுகிறது. அப்போது தொடங்குவது மெயிலார்டு வினை. பிரெஞ்சு அறிஞர் லூயி காமில் மெயிலார்டு 1912-இல் அமினோ அமிலங்களைச் சர்க்கரையுடன் சூடாக்கிப் பழுப்பு நிறம் தோன்றுவதை விளக்கினார். 1953-இல் அமெரிக்கரான ஜான் ஹாட்ஜ் அவ்வினையின் படிகளை வரிசைப்படுத்தினார். பொன்னிறமும் வறுத்த மணமும் இவ்வினையின் கொடை.

இவ்வினைக்கு ஒடுக்கும் சர்க்கரை தேவை. வெள்ளைச் சர்க்கரையான சுக்ரோஸ் ஃபெலிங் கரைசலைச் சிவக்கச் செய்யாது என்பதை நாம் ஆய்வகத்தில் கண்டிருக்கிறோம். நாட்டுச் சர்க்கரையிலோ குளுக்கோசும் ஃபிரக்டோசும் ஓரளவு இயல்பாகவே உள்ளன. அதனால் நிறம் எளிதில் ஏறுகிறது. பழுப்புச் சர்க்கரையை நூல்கள் வற்புறுத்துவதற்குச் சுவை மட்டும் காரணமன்று.

முறுக்கும் அதிரசமும்

எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். என் அம்மா பள்ளிக்கூடம் சென்றதில்லை. ஆனால் முறுக்கு சுடும்போது, "எண்ணெய்ச் சத்தம் அடங்கட்டும், அப்புறம் எடு" என்பார். அந்தச் சலசலப்பு மாவிலுள்ள நீர் ஆவியாகி வெளியேறும் ஒலி. அது அடங்கினால் நீர் தீர்ந்தது என்று பொருள். அதன்பின்தான் மொறுமொறுப்பும் நிறமும். மேலே எண்களால் கூறியதும் இதுவே.

இதனை அம்மாவிடம் விளக்கியபோது, "இதத் தெரிஞ்சுக்கவா காலேஜுக்குப் போற?" என்று சிரித்தார். பிறகு சற்று யோசித்து, "அப்ப அதிரசம் மட்டும் ஏன் மொறுமொறுன்னு ஆகமாட்டேங்குது? அதையும் எண்ணெயிலதான சுடறோம்?" என்று கேட்டார். நல்ல வினா. விடை காண எனக்கு இரண்டு நாள் ஆயிற்று. வெல்லப்பாகு நீரை விடாமல் பிடித்து வைத்துக்கொள்கிறது. வெல்லத்தில் ஒடுக்கும் சர்க்கரை இருப்பதால் மேற்புறம் விரைவில் சிவந்துவிடுகிறது. சிவந்தவுடன் எடுத்துவிடுகிறோம், அதற்குள் உட்புறத்து நீர் வெளியேறுவதில்லை. மேற்புறம் மெயிலார்டு வினை, உட்புறம் நீரின் காவல். அதிரசமும் ஒருவகையில் ஆப்பிள் கிரிஸ்ப்பின் உறவுதான்.

இறக்குதலும் ஆற விடுதலும்

பதம் அறிய இரு அடையாளங்கள் உண்டு. மேற்பரப்பு பொன்னிறமாக வேண்டும். ஓரங்களில் சாறு கெட்டியான குமிழிகளாகக் கொதித்து எழ வேண்டும். குமிழிகள் மெலிதாக உடைந்தால் ஸ்டார்ச்சு இன்னும் முழுமையாக வேகவில்லை என்று அறியலாம்.

இறக்கியபின் மூடி வைக்கக் கூடாது. மூடினால் நீராவி மூடியில் குளிர்ந்து நீராகி உதிரியின்மேல் சொட்டும். இருபது நிமிடமாவது ஆற விட வேண்டும். அந்நேரத்தில் ஸ்டார்ச்சும் பெக்டினும் சாற்றை இறுகச் செய்கின்றன. மேலே உருகியிருந்த சர்க்கரை கண்ணாடிபோல் உறைந்து மொறுமொறுப்பைத் தருகிறது. மறுநாள் வரை வைத்தால் பழத்தின் ஈரம் மெல்ல மேலேறி உதிரியைத் தளர்த்திவிடும். மீண்டும் ஓவனில் பத்து நிமிடம் வைத்தால் அந்த ஈரம் நீங்கி மொறுமொறுப்பு ஓரளவு திரும்பும்.

முடிவுரை

கீழே நீர் நின்றது, பழம் குழைந்தது. மேலே நீர் நீங்கியது, உதிரி பொரிந்தது. தொடக்கத்தில் எழுப்பிய வினாவிற்கு விடை இதுவே. அம்மாவின் கைப்பக்குவம் முறுக்கிலும் அதிரசத்திலும் தவறுவதில்லை. அதன் காரணத்தை அறிந்தால், நாம் கண்டிராத நாட்டின் கண்டிராத பண்டத்தையும் பதம் பார்த்து இறக்க முடியும். நம் கல்லூரியில் பயிலும் பலர் என்னைப் போலவே வீட்டின் முதல் பட்டதாரிகள். விடுமுறையில் ஊருக்குச் செல்லும்போது பாடநூலில் படித்ததை அடுப்பங்கரையில் சொல்லிப் பாருங்கள். அங்கிருந்து எழும் வினாக்கள் பல்கலைக்கழகத் தேர்வு வினாக்களைவிடக் கடினமாகவே இருக்கும். விடை தேடுவதில் மகிழ்ச்சியும் மிகுதியாக இருக்கும்.