மயிலின் ஊர் நம் ஊர் இல்லை

அன்புள்ள மாப்பிள்ளை,

ஒளிப்பதிவு படிக்கச் சென்னை போகப்போகிறாயாம், அக்கா சொன்னாள். எனக்கு ரொம்பச் சந்தோஷம். "கம்பத்தில் பிறந்தவனுக்குக் கிராமத்தைப் படம்பிடிக்க யார் சொல்லித்தர வேண்டும்?" என்று கேட்டாயாம். அதற்காகத்தான் எழுதுகிறேன்.

1977இல் '16 வயதினிலே' வந்தபோது, இது நம்ம ஊர் என்று நம் பக்கத்துச் சனம் கொண்டாடியது. இயக்கிய பாரதிராஜா அல்லிநகரம், இசையமைத்த இளையராஜா பண்ணைப்புரம், கொண்டாடாமல் இருப்பார்களா? ஆனால் படப்பிடிப்பு நடந்தது மைசூர், கொள்ளேகால் பக்கம். கேமரா பி.எஸ். நிவாஸ், கோழிக்கோட்டுக்காரர். 'மோகினியாட்டம்' மலையாளப் படத்துக்காக 1976ஆம் ஆண்டின் தேசிய விருது பெற்றவர். கன்னட மண்ணைக் காட்டி, அது நம் தெரு என்று நம்மையே நம்பவைத்தார்.

வசதியோடு செய்த வேலையும் இல்லை அது. ஸ்லோமோஷன் கேமராவுக்குப் பணமில்லாமல் மயிலாக நடித்த ஸ்ரீதேவியையே மெதுவாக ஓடவைத்து எடுத்தார்கள். அன்று மானிட்டரும் கிடையாது. லைட் மீட்டரில் அளந்து அப்பர்ச்சர் வைத்து எடுத்துவிட வேண்டியதுதான். நெகட்டிவ் லேபுக்குப் போய் ரஷ் பிரிண்ட் வந்தால்தான் விதி தெரியும். வெளிச்சத்தைக் கண்ணாலேயே எடைபோடத் தெரியாதவன் அந்தத் தொழிலில் நின்றிருக்க முடியாது.

பிறகு பாரதிராஜாவுக்குக் கேமராமேனாக பி. கண்ணன் வந்தார். இயக்குநர் பீம்சிங்கின் மகன், சினிமா வீட்டுப் பிள்ளை. 'அலைகள் ஓய்வதில்லை', 'மண்வாசனை', 'வேதம் புதிது' எல்லாம் அவர் கைவண்ணம். பாரதிராஜாவின் கண்கள் என்றே அவரைச் சொல்வார்கள். 'முதல் மரியாதை'யின் ஆற்றங்கரையும் கர்நாடகத்துக் காவிரிதான், முல்லைப் பெரியாறு இல்லை.

அந்நிய மண்ணை அவர்கள் அப்படிப் பார்த்தார்கள். பிறந்த ஊரை நாம் உற்றுப் பார்ப்பதேயில்லை, மாப்பிள்ளை. கிழக்கே மேகமலை மறைப்பதால் நம் வயலில் வெயில் விழத் தாமதமாகும். சாயங்காலம் மேற்கு மலை சூரியனைச் சீக்கிரமே வாங்கிக்கொள்ளும், வானம் மட்டும் வெளுத்தே இருக்கும். அப்போது முகத்தில் கறுப்பு நிழல் விழாது. லைட் போட்டு அந்த மென்மையைக் கொண்டுவர எவ்வளவு பாடு தெரியுமா? உனக்கு அது தினமும் வாசலில் கிடைக்கிறது. அந்த வெளிச்சம் எத்தனை மணிக்குத் தொடங்கி எத்தனை மணிக்கு முடிகிறது என்று கேட்டால் சொல்வாயா?

சென்னைக்குக் கிளம்புமுன் ஒரு நோட்டு வாங்கி அதை எழுது. ராத்திரியில் '16 வயதினிலே'யைச் சத்தத்தை அணைத்துவிட்டுப் பார். ஒவ்வொரு ஷாட்டிலும் சூரியன் எந்தப் பக்கம் நின்றது என்று குறி. முடித்ததும் நோட்டோடு தேனிக்கு வா, உட்கார்ந்து பார்ப்போம்.

அன்புடன்,
மாமா