கொம்பு இடம் மாறினால்: பைத்தான் நீட்சிக் கோப்புகள்

பைத்தான் மொழியின் இன்டர்பிரட்டரைத் திறந்து கைவைக்காமலே அதற்குப் புதிய திறன் சேர்க்கலாம். சி மொழியில் எழுதிய நிரலைக் கம்பைல் செய்து பகிர்வு நூலகக் கோப்பாக வைத்தால், 'இம்போர்ட்' வரி ஓடும்போது இன்டர்பிரட்டர் அதை நினைவகத்தில் ஏற்றிக்கொள்ளும். லினக்ஸில் கோப்புப் பெயர் 'எஸ்ஓ' என்று முடியும், விண்டோஸில் 'பிஒய்டி'. ஏற்றியதும், மாட்யூலின் பெயரைத் தாங்கிய ஒரு தொடக்க ஃபங்ஷனை அது தேடும். கோப்பின் பெயரை மட்டும் மாற்றினால் இம்போர்ட் தோற்பது இதனால்தான். பெயரின் நடுவில் பைத்தான் பதிப்பும் இருக்கும்: 3.11-க்குக் கட்டியதை 3.12 பொதுவாகக் கண்டுகொள்ளாது.

இந்தக் கோப்புகளின் அருமை தமிழில் வேலை செய்யும்போது நன்றாகத் தெரியும். படங்களைக் கையாளும் 'பில்லோ' தொகுப்பைக் கொண்டு ஒரு பெயர்ப்பலகைப் படத்தில் 'மீன்சுருட்டி' என்ற ஊர்ப்பெயரை எழுதுவதாகக் கொள்வோம். கண்ணுக்கு ஆறு எழுத்து. யூனிகோடில் பன்னிரண்டு குறியீடு. குறியீடுகளை வரிசையாக வரைந்தால் சு, ரு இரண்டிலும் உகரக் குறி ஒட்டாமல் தனியே நிற்கும். பக்கத்து ஊரான கங்கைகொண்ட சோழபுரத்தின் பெயர் இன்னும் சிதையும்: 'கை'யின் இணைக்கொம்பு ககரத்துக்குப் பின்னால் போய்விடும், 'கொ'வின் கொம்பும் அப்படியே. சோழர் தலைநகரின் பெயர் இப்படி அச்சாவதைப் பார்க்கவே மனம் பொறுக்காது.

இதைச் சரிசெய்ய ஒரு சங்கிலி இருக்கிறது. பில்லோவின் எழுத்துரு நீட்சிக் கோப்பு 'ராக்ம்' நூலகத்தை அழைக்கும். ராக்ம், எழுத்துகளைக் கோக்க 'ஹார்ஃப்பஸ்' நூலகத்தையும், எழுதும் திசையை அறிய 'ஃப்ரிபிடி' நூலகத்தையும் நாடும். 2021-இல் வந்த 8.2.0 பதிப்பு முதல் ராக்ம் ஆயத்தத் தொகுப்போடு சேர்ந்தே வருகிறது. ஆனால் ஃப்ரிபிடி கணினியில் இருந்தால்தான், அதுவும் ஓடும்போதுதான், எடுத்துக்கொள்ளப்படும். வலமிருந்து இடம் எழுதும் தேவை தமிழுக்கு இல்லை. இருந்தும் அந்த ஒரு கோப்பு இல்லையென்றால் ராக்ம் முழுவதும் ஒதுங்கிக்கொள்ள, பில்லோ எளிய முறைக்கு இறங்கிவிடும். பிழைச்செய்தி எதுவும் வராது. ஆங்கிலத்தை மட்டும் சோதித்தவர் கண்ணில் இது படவே படாது.

இங்கேதான் நேரம் வீணாகிறது. படம் கெட்டதும் பலரும் எழுத்துருவை மாற்றி மாற்றிப் பார்ப்பார்கள். அதை விட்டு, முதலில் பில்லோவின் 'ஃபீச்சர்ஸ்' மாட்யூலிடம் ராக்ம் இருக்கிறதா என்று கேட்க வேண்டும். ஒரே வரி போதும். நீட்சிக் கோப்பு எவற்றைச் சார்ந்திருக்கிறது என்று காட்டும் 'எல்டிடி' கட்டளையை இந்த விஷயத்தில் நம்ப முடியாது. கட்டும்போதே பிணைத்தவை மட்டுமே அதன் பட்டியலில் வரும். ஓடும்போது தேடப்படும் ஃப்ரிபிடி வராது. பிணைத்த நூலகம் காணாமல் போனால் இம்போர்ட்டே நின்று காட்டிக்கொடுக்கும். உபுண்டு, டெபியனில் 'லிப்ஃப்ரிபிடி0' என்ற சிறு தொகுப்பை நிறுவி, நிரலை மறுபடி தொடங்கினால் கொம்புகள் தத்தம் இடத்துக்கு வந்துவிடும்.

இன்னொரு சிக்கலும் உண்டு: நீட்சிக் கோப்புக்குள் சி நிரல் தவறினால் இன்டர்பிரட்டரும் சேர்ந்தே விழும். வழக்கமான பிழைத்தடம் கிடைக்காது. பைத்தான் 3.3 முதல் உள்ள 'ஃபால்ட்ஹேண்ட்லர்' மாட்யூலை முன்பே இயக்கி வைத்தால், எந்த வரியில் விழுந்தது என்பதாவது தெரியும்.

சர்வரில் ஏற்றும் நிரல் தொடக்கத்திலேயே ராக்ம் உண்டா என்று பார்த்து, இல்லையென்றால் அங்கேயே நின்றுவிடும்படி எழுதுவது நல்லது. சோதனைச் சொல்லாக 'கங்கைகொண்ட சோழபுரம்' வைக்கலாம். கை, கொ, சோ, பு என நான்கு வகைக் குறிகளும் அதில் அடங்கியிருக்கின்றன.