லெவல் தாண்டலையா? முதலில் விரலை எடுங்கள்!

"இன்னும் ஒரே ஒரு லெவல்மா... இதை முடிச்சுட்டு வந்துடறேன்!"

தட்டில் தோசை ஆறிக்கொண்டிருக்கும். மணி ஒன்பதரை. அந்த 'ஒரே ஒரு லெவல்' பத்து மணிக்கும் முடியாது, பத்தரைக்கும் முடியாது. கடைசியில் அம்மா செல்போனைப் பிடுங்க, பிள்ளை கத்த, அப்பா குரலை உயர்த்த... அன்று ராத்திரி யாருக்கும் ஒழுங்கான தூக்கம் இல்லை. பிள்ளைகளை மட்டும் சொல்வானேன்? ஆபீஸிலிருந்து வந்த அப்பா, மத்தியானம் வேலை முடித்து உட்கார்ந்த அம்மா, ரிடையரான தாத்தா என்று பல வீடுகளில் இதே கதைதான்!

ஒன்றைக் கவனித்திருக்கிறீர்களா? லெவல் சுலபமாக முடிகிற அன்று சண்டை வருவதில்லை. மாட்டிக்கொண்ட லெவலில்தான் நேரம் போவது தெரிவதில்லை. ஒரே இடத்தில் முப்பது, நாற்பது தடவை இழுத்து, வெட்டி, தோற்று, மறுபடி இழுத்து... கண் எரிகிறது, கழுத்து பிடித்துக்கொள்கிறது, கோபம் தலைக்கேறுகிறது. அப்படியானால், மாட்டிக்கொண்ட லெவலிலிருந்து வெளியே வரும் வழி தெரிந்தால் பாதித் தொல்லை தீர்ந்தது, இல்லையா? அந்த வழியைத்தான் இங்கே பாடம் பாடமாகப் பார்க்கப் போகிறோம்.

இது என்ன விளையாட்டு?

செல்போன் விளையாட்டில் பல ரகம். சுடுவது, ஓட்டுவது, துரத்துவது ஒரு பக்கம். பௌதிக விதிகளை வைத்துப் புதிர் போடுவது இன்னொரு பக்கம். ஃபின்லாந்து நாட்டு ரோவியோ கம்பெனி 2009 டிசம்பரில் வெளியிட்ட 'ஆங்ரி பேர்ட்ஸ்' இந்த இரண்டாவது ரகம். உண்டிவில்லில் பறவையை வைத்து இழுத்துவிட்டு, பன்றிகளின் கோட்டையைத் தகர்க்க வேண்டும். 2010 அக்டோபரில் ரஷ்யாவின் ஜெப்டோலேப் கம்பெனி 'கட் தி ரோப்' விளையாட்டைக் கொண்டுவந்தது. 'ஓம் நோம்' என்ற பச்சை நிறக் குட்டி ஜந்து வாயைப் பிளந்துகொண்டு உட்கார்ந்திருக்கும். கயிற்றில் மிட்டாய் தொங்கும். கயிற்றைச் சரியான நேரத்தில் வெட்டி, மிட்டாயை அதன் வாயில் விழ வைக்க வேண்டும். வழியில் மூன்று நட்சத்திரங்களையும் பொறுக்கிக்கொண்டால் முழு மார்க்!

எடை, வேகம், மோதல் எல்லாவற்றையும் நொடிக்குப் பல தடவை கணக்குப் போடும் புரோகிராம் ஒன்று இவற்றுக்குள்ளே ஓடுகிறது. ஆங்ரி பேர்ட்ஸில் அந்த வேலையைச் செய்தது, எரின் காட்டோ என்பவர் எழுதிய 'பாக்ஸ் 2டி'. ஆகவே இது லாட்டரிச் சீட்டு அல்ல. விதி இருக்கிறது. விதி இருந்தால் புரிந்துகொள்ளலாம். புரிந்துகொண்டால் நாற்பது தடவை மோத வேண்டியதில்லை.

பாடம் 1: கையைக் கட்டிக்கொண்டு பாருங்கள்

லெவல் திறந்ததும் விரல் பரபரக்கும். வேண்டாம்! அரை நிமிஷம் தொடாமல் பாருங்கள். அதுவும் தலைகீழாக, அதாவது முடிவிலிருந்து ஆரம்பத்துக்கு.

ஓம் நோமின் வாய்க்கு மிட்டாய் எந்தப் பக்கத்திலிருந்து வர வேண்டும்? நேர் மேலிருந்தா, பக்கவாட்டிலா? அதற்குச் சற்று முன்னால் அது எங்கே இருக்க வேண்டும்? அங்கே கொண்டுபோவது எது? கயிறா, மேலே தூக்கும் குமிழியா, காற்றடிக்கும் பையா? முட்கள் எங்கே இருக்கின்றன? எந்தக் கயிற்றைக் கடைசியாக வெட்ட வேண்டும்? வாயிலிருந்து மிட்டாய் வரை இப்படிப் பின்னோக்கி வந்தால், முதலில் எதைத் தொடுவது என்பது தானாகத் தெரிந்துவிடும். ஊருக்குக் கிளம்பும்போது ரயில் நேரத்திலிருந்து பின்னோக்கிக் கணக்குப் போட்டு, எத்தனை மணிக்குக் குளிப்பது என்று முடிவு செய்கிறோமே, அதே மாதிரிதான்.

இன்னொன்று. முதல் தடவையே மூன்று நட்சத்திரத்துக்கு ஆசைப்படாதீர்கள். முதலில் மிட்டாய் வாய்க்குப் போகட்டும். வழி தெரிந்த பிறகு நட்சத்திரம் பொறுக்கலாம்.

பாடம் 2: ஊஞ்சல் கணக்கு

ஊஞ்சலில் ஆடியவர்களுக்கு இது சொல்லாமலே புரியும். ஊஞ்சல் இரண்டு ஓரத்திலும் ஒரு கணம் நிற்கிறது. நடுவே, அடிப்பகுதியைக் கடக்கும்போதுதான் வேகம் அதிகம்.

ஆடும் மிட்டாய்க்கும் அதே விதி. ஓரத்தில் நிற்கும் கணத்தில் வெட்டினால் மிட்டாய் நேராகக் கீழே விழும். அடிப்பகுதியில் வெட்டினால் பக்கவாட்டில் பாய்ந்து, வளைந்து விழும். அடியைத் தாண்டி மேலே ஏறிக்கொண்டிருக்கும்போது வெட்டினால் எம்பிப் போய் விழும். ஒரே கயிறு, மூன்று விதமான விழுகை! 'எங்கே வெட்டுவது' என்று தேடித் தேடித் தோற்பவர்களில் பலருக்கு, விடை 'எப்போது வெட்டுவது' என்பதில்தான் இருக்கிறது.

இதை வீட்டிலேயே செய்து பார்க்கலாம். நூலில் ஒரு சாவியைக் கட்டித் தொங்கவிட்டு மெதுவாக ஆட்டுங்கள். நூல் 1 மீட்டர் நீளம் என்றால், ஒருமுறை போய்த் திரும்ப ஏறக்குறைய 2 விநாடி ஆகும். நூலை 25 சென்டிமீட்டராகக் குறைத்தால் சுமார் 1 விநாடிதான். ஒரு சாவிக்கு பதில் இரண்டு சாவி கட்டிப் பாருங்கள். நேரம் மாறாது! 'குட்டைக் கயிறு சட்டென்று ஆடும், நெட்டைக் கயிறு நிதானமாக ஆடும்' என்பதைக் கண்ணால் பார்த்த பிள்ளை, விளையாட்டிலும் அவசரப்படாது, ஒன்பதாம் வகுப்பு ஃபிசிக்ஸிலும் பயப்படாது.

பாடம் 3: சொல்லிவிட்டு வெட்டுங்கள்

விரல் வைக்கும் முன் வாய்விட்டுச் சொல்ல வேண்டும். அம்மா பக்கத்தில் உட்கார்ந்து கேட்கலாம்.

"இப்ப வெட்டினா எங்கடா விழும்?"

"அந்த முள்ளைத் தாண்டி விழும்மா."

"சரி, வெட்டு பார்ப்போம்."

முள்ளிலேயே விழுந்ததா? நல்லது! நினைத்ததற்கும் நடந்ததற்கும் உள்ள வித்தியாசம்தான் பாடம். எதையும் நினைக்காமல் வெட்டினால் தோல்வி மட்டுமே மிச்சம், கற்றுக்கொள்ள ஒன்றும் இருக்காது.

பாடம் 4: ஒரு தடவைக்கு ஒரே ஒரு மாற்றம்

ஆங்ரி பேர்ட்ஸில் பறவை போன பாதை, புள்ளி புள்ளியாகத் திரையில் நிற்கும். பலர் அதைக் கவனிப்பதே இல்லை. இழுக்கும் நீளத்தையும் மாற்றி, கோணத்தையும் மாற்றி, இரண்டில் எது தப்பு என்று தெரியாமல் குழம்புவார்கள். உண்டிவில்லை எப்போதும் கடைசி வரை இழுத்துவிடுங்கள். கோணத்தை மட்டும் கொஞ்சம் கொஞ்சமாக மாற்றுங்கள். பழைய புள்ளிப் பாதைதான் உங்கள் அளவுகோல்.

ஒரு ரகசியமும் உண்டு. சமதரையில் ஒரே வேகத்தில் எறிந்தால் 45 டிகிரி கோணத்தில்தான் பொருள் அதிக தூரம் போகும். 30 டிகிரியில் எறிந்தாலும் 60 டிகிரியில் எறிந்தாலும், காற்றின் தடை இல்லாவிட்டால் ஒரே இடத்தில்தான் விழும்! அதாவது பெரும்பாலான இலக்குக்குத் தாழ்வான பாதை ஒன்று, உயரமான பாதை ஒன்று என இரண்டு வழி. முன்னால் சுவர் மறைக்கிறதா? உயரமான வழியில் மேலிருந்து இறக்குங்கள்.

பறவைகளுக்கும் தனித்தனி குணம் உண்டு. மஞ்சள் பறவை மரத்தை உடைக்கும். மூன்றாகப் பிரியும் நீலப் பறவை கண்ணாடிக்கு ஏற்றது. கறுப்புப் பறவை வெடித்துக் கல்லைத் தகர்க்கும். மேலே உள்ள பாரத்தைத் தாக்குவதைவிட, அதைத் தாங்கி நிற்கும் காலைத் தட்டினால் பாரமே மிச்ச வேலையைச் செய்துவிடும்.

பாடம் 5: மாட்டிக்கொண்டால் மூடி வையுங்கள்

இதுதான் முக்கியமான பாடம். 2004-ல் ஜெர்மனியின் லூபெக் பல்கலைக்கழக ஆராய்ச்சியாளர்கள் ஒரு சோதனை செய்தார்கள். சிலருக்கு எண் கணக்கு ஒன்று கொடுத்தார்கள். அதில் ஒரு குறுக்குவழி ஒளிந்திருந்தது, ஆனால் அதைச் சொல்லவில்லை. கொஞ்சம் பழகிய பிறகு 8 மணி நேர இடைவெளி. அந்த நேரத்தில் தூங்கியவர்களில் 59 சதவிகிதம் பேர் குறுக்குவழியைக் கண்டுபிடித்தார்கள். விழித்திருந்தவர்களில் 23 சதவிகிதம் பேர்தான்!

அது எண் கணக்கு, செல்போன் விளையாட்டு இல்லை. ஆனாலும் ஒளிந்திருக்கும் வழியைத் தேடும் வேலை இரண்டிலும் ஒன்றுதான். களைத்த மூளை ஒரே தப்பையே திரும்பத் திரும்பச் செய்யும். ராத்திரி பதினோரு மணிக்கு நாற்பது தடவை முயன்று வராத லெவல், காலையில் இரண்டாவது தடவையிலேயே முடிந்துவிடுவதைப் பலரும் பார்த்திருப்பார்கள். தூக்கத்தைத் திருடி லெவலை வாங்க முடியாது. தூங்கினால்தான் லெவலும் கிடைக்கும்!

அம்மா அப்பாவுக்கு ஒரு டிப்ஸ்

"பத்து நிமிஷத்துல நிறுத்து" என்றால் பாதி லெவலில் பிடுங்க வேண்டிவரும். சண்டை நிச்சயம். "இந்த லெவலோட நிறுத்து" என்றால், மாட்டிக்கொண்ட லெவல் எப்போது முடியும்? ஆகவே நிமிஷத்தையும் லெவலையும் விட்டுவிட்டு, தடவையை எண்ணுங்கள். "இன்னும் மூணு தடவை. ஒவ்வொரு தடவையும் என்ன பண்ணப்போறேன்னு சொல்லிட்டு பண்ணு. ஜெயிச்சாலும் தோத்தாலும் மூணோட சரி." இந்த ரகத்தில் ஒரு முயற்சி பெரும்பாலும் ஒரு நிமிஷத்துக்குள் முடிந்துவிடும். எண்ணிக்கை முடிந்தது என்று பிள்ளைக்கே தெரிவதால் கத்தல் குறையும். ஆரம்பிக்கும் முன்பே பேசி முடிவு செய்துகொள்ள வேண்டும் என்பது முக்கியம்.

விடையை யூடியூபில் பார்க்கலாமா? மூன்று நாளாகியும் வரவில்லை என்றால் பார்க்கலாம். ஆனால் முதல் அசைவை மட்டும் பார்த்துவிட்டு நிறுத்திவிட்டு, மீதியைத் தானே யோசிக்கட்டும். பல விளையாட்டுகளில் காசு கொடுத்து 'உதவி' வாங்கும் வசதி இருக்கிறது. அதற்குக் கட்டாயம் பாஸ்வேர்டு பூட்டுப் போட்டு வையுங்கள்.

உடம்பைக் கவனியுங்கள்

* திரையை உற்றுப் பார்க்கும்போது இமைப்பது குறைந்து கண் உலர்ந்துபோகும். 20 நிமிஷத்துக்கு ஒருமுறை, 20 அடி தூரத்தில் உள்ள ஒன்றை 20 விநாடி பாருங்கள். லெவலை யோசிப்பதற்கும் இதுவே நல்ல நேரம்.
* செல்போன் கண்ணிலிருந்து ஒரு முழ தூரமாவது தள்ளி இருக்கட்டும். இருட்டறையில், படுத்துக்கொண்டு விளையாட வேண்டாம்.
* இந்த ரகத்துக்குக் கட்டைவிரல் வேகம் தேவையில்லை. செல்போனை மேஜையில் சாய்த்து வைத்து, ஆள்காட்டி விரலால் ஆடலாம். கழுத்துக்கும் மணிக்கட்டுக்கும் ஓய்வு. கட்டைவிரலின் அடிப்பக்கத்தில் வலி ஒரு வாரத்துக்கு மேல் நீடித்தால் டாக்டரிடம் காட்டுங்கள்.
* படுப்பதற்கு ஒரு மணி நேரம் முன்பே நிறுத்திவிடுங்கள்.
* உலக சுகாதார நிறுவனம் 2019-ல் தந்த வழிகாட்டுதல்படி, ஒரு வயதுக்குள் குழந்தைக்குத் திரையே கூடாது. 2 முதல் 4 வயது வரை ஒரு நாளைக்கு அதிகபட்சம் ஒரு மணி நேரம். அதற்கும் குறைவாக இருந்தால் இன்னும் நல்லது.

எப்போது கவலைப்பட வேண்டும்?

தினமும் கொஞ்ச நேரம் விளையாடும் பிள்ளை நோயாளி அல்ல. 2022 ஜனவரி முதல் நடைமுறைக்கு வந்த உலக சுகாதார நிறுவனத்தின் நோய்ப் பட்டியலில், விளையாட்டுக்கு அடிமையாகும் கோளாறும் இடம்பெற்றிருக்கிறது. நிறுத்த நினைத்தாலும் முடியாமை, படிப்பு, சாப்பாடு, நண்பர்கள் எல்லாவற்றுக்கும் மேலாக விளையாட்டே முக்கியம் ஆகிவிடுவது, கெடுதல் நேர்ந்த பிறகும் தொடர்வது ஆகியவை அதன் அறிகுறிகள். பொதுவாக இது 12 மாதம் போல நீடித்தால்தான் நோய் என்று முடிவு செய்வார்கள். ஆனால் பிள்ளையின் தூக்கமும் படிப்பும் குலைகிறது என்றால் அதுவரை காத்திருக்க வேண்டாம். குழந்தை நல மருத்துவரிடமோ மனநல மருத்துவரிடமோ பேசுங்கள். வெட்கப்பட இதில் ஒன்றும் இல்லை.

மற்ற வீடுகளுக்கு இந்த ஐந்து பாடமே போதும். பார்ப்பது, யோசிப்பது, சொல்லிவிட்டுச் செய்வது, ஒன்றை மட்டும் மாற்றுவது, முடியாதபோது மூடி வைப்பது. கணக்குப் பரீட்சையில் மாட்டிக்கொண்டாலும் உங்கள் பிள்ளைக்கு இதே ஐந்துதான் கைகொடுக்கும்!